செம்பாறைப் பள்ளத்தாக்குகளில் ஒரு வாரம்: பெற்றோரோடு போகிறவர்களுக்கு எந்த வழி?

மதுரையில் பணி ஓய்வு பெற்ற தாய் தந்தையர் அமெரிக்காவில் இருக்கும் பிள்ளைகளைப் பார்க்கப் புறப்படுவது பெரும்பாலும் சித்திரைத் திருவிழாவை ஒட்டித்தான். அழகர் மலைக்குத் திரும்பிய கையோடு பெட்டி கட்டி, கத்திரி வெயிலுக்குத் தப்பி விமானம் ஏறி, புரட்டாசியிலோ ஐப்பசியிலோ ஊர் திரும்புகிறார்கள். அந்த ஐந்தாறு மாதத்தில் மகளுக்கும் மருமகனுக்கும் ஒரே சமயத்தில் கிடைக்கும் விடுப்பு ஒரு வாரத்தைத் தாண்டுவதில்லை. அந்த ஒரு வாரத்தில் யூட்டா, அரிசோனா மாநிலங்களின் பாலைநிலப் பள்ளத்தாக்குகளையும் தேசியப் பூங்காக்களையும் காரில் சுற்றிவர வேண்டும் என்ற ஆசை இப்போது பல வீடுகளில் எழுகிறது. விளாங்குடியில் இருக்கும் எங்கள் சித்தப்பா வீட்டிலும் எழுந்தது; எந்த வழி என்று பார்த்துச் சொல்லும் பொறுப்பு என்னிடம் வந்தது.

அவர்களுடைய நிலையை முதலில் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் இந்த ஒப்பீடு முழுவதும் அதைப் பொறுத்தே நிற்கிறது. மகள் குடும்பம் சான் ஹோசேயில் வசிக்கிறது. சித்தப்பாவுக்கு எழுபது வயது நெருங்கினாலும் நடையில் சளைக்காதவர். சித்திக்கு முழங்கால் தேய்மானம் இருக்கிறது. சமதரையில் நடந்துவிடுவார், படி இறங்கினால் வலி வந்துவிடும். பேரனுக்கு ஐந்து வயது. கார் ஓட்டப்போவது மருமகன் ஒருவர்தான். காரில் நாலு இளைஞர்கள் மட்டும் போவதாக இருந்தால் என் விடை வேறாக இருக்கும் என்பதையும் இங்கேயே சொல்லிவிட வேண்டும்.

பரிசீலித்த வழிகள் மூன்று. முதலாவது, லாஸ் வேகாஸுக்கு விமானத்தில் போய், அங்கே வாடகைக் கார் எடுத்து, ஜயான், பிரைஸ் கேன்யன், பேஜ் நகரம், கிராண்ட் கேன்யனின் தென்விளிம்பு என்று வட்டமடித்து லாஸ் வேகாஸுக்கே திரும்புவது. இதன் நீளம் ஏறத்தாழ 1,300 கிலோமீட்டர். இரண்டாவது, யூட்டாவின் ஐந்து தேசியப் பூங்காக்களையும் ஒரே மூச்சில் பார்ப்பது: ஜயான், பிரைஸ் வரை முதல் வழியேதான், அதன் பிறகு தெற்கே திரும்பாமல் வடகிழக்கே கேபிடல் ரீஃப் போய், மோவாப் நகரில் தங்கி ஆர்ச்சஸ், கேன்யன்லேண்ட்ஸ் இரண்டையும் பார்த்து, சால்ட் லேக் சிட்டியில் முடிப்பது. மூன்றாவது, அரிசோனாவின் ஃபீனிக்ஸில் தொடங்கி, கிராண்ட் கேன்யன், மான்யுமென்ட் வேலி, பேஜ் ஆகியவற்றைப் பார்த்துவிட்டு ஃபீனிக்ஸுக்கே திரும்புவது. தொலைவில் மூன்றுக்கும் பெரிய வேறுபாடு இல்லை. ஆகவே மொத்தக் கிலோமீட்டரை வைத்து முடிவெடுக்க முடியாது. எங்கே எவ்வளவு நடக்க வேண்டும், எத்தனை இரவு பெட்டியைப் பிரிக்காமல் ஒரே அறையில் இருக்கலாம், எந்த மாதத்தில் போகிறோம் என்பவைதாம் முடிவைத் தீர்மானிக்கின்றன.

பாறை சொல்லும் வரிசை

ஆனைமலையையும் சமணர்மலையையும் பார்த்து வளர்ந்த கண்ணுக்கு அங்கே காண்பது முற்றிலும் வேறு இனம். நம் பக்கத்துக் குன்றுகள் பூமியின் ஆழத்தில் வெப்பத்திலும் அழுத்தத்திலும் இறுகிய கெட்டிப் பாறைகள். மழைநீர் அவற்றின் மேல் வழிந்து போகுமே தவிர எளிதில் அறுத்துவிடாது. யூட்டாவிலும் அரிசோனாவிலும் இருப்பவை கடலடிச் சேறும் ஆற்று வண்டலும் பாலை மணல்மேடுகளும் அடுக்கடுக்காகப் படிந்து கல்லானவை. அந்த மேட்டுநிலம் முழுவதும் பின்னர் மேலே எழும்பியபோது, அதன் மேல் ஓடிய ஆறுகள் விசை பெற்று அதை அறுத்துக்கொண்டே கீழே இறங்கின. சிவப்பு நிறம் இரும்பு ஆக்சைடால் வந்தது.

முதல் வழிக்கு ஆதரவாக நான் வைக்கும் முதல் காரணம் இந்த அடுக்குகளில்தான் இருக்கிறது. கிராண்ட் கேன்யனின் விளிம்பில் நிற்பவரின் காலடியில் இருக்கும் பாறை அடுக்கு, ஜயானுக்கு அடித்தளம். ஜயானின் உச்சியில் இருக்கும் அடுக்கு, பிரைஸுக்கு அடித்தளம். மூன்றும் ஒரே பெரும் படிக்கட்டின் மூன்று படிகள். புவியியலாளர்கள் அதைப் பெரும்படிக்கட்டு என்றே அழைக்கிறார்கள். கிராண்ட் கேன்யனின் அடியாழத்தில் இருக்கும் பாறை ஏறத்தாழ 170 கோடி ஆண்டு பழமையானது. அதற்கு விஷ்ணுவின் பெயரையே வைத்திருக்கிறார்கள். பள்ளத்தாக்குக்குள் எழுந்து நிற்கும் குன்றுகளுக்கு விஷ்ணு கோயில், சிவன் கோயில் என்று 19ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் பெயரிட்டவர் கிளாரன்ஸ் டட்டன் என்ற அமெரிக்கப் புவியியலாளர். இதைக் கேட்டதும் சித்திக்கு வந்த ஆர்வம், அதுவரை நான் காட்டிய படங்கள் எதற்கும் வரவில்லை. விஷ்ணு கோயில் குன்றைத் தென்விளிம்பின் கிழக்குப் பக்கத்துப் பார்வை முனைகளிலிருந்தே, காரை நிறுத்திவிட்டு நாலடி வைத்து, பார்த்துக்கொள்ளலாம்.

இரண்டாம் வழியில் கிராண்ட் கேன்யன் இல்லை, மூன்றாம் வழியில் ஜயானும் பிரைஸும் இல்லை. கிராண்ட் கேன்யன் 446 கிலோமீட்டர் நீளமும், அகலமான இடத்தில் 29 கிலோமீட்டர் அகலமும், 1,600 மீட்டருக்கு மேற்பட்ட ஆழமும் கொண்டது. அவ்வளவு தூரம் போய் அதைப் பார்க்காமல் திரும்பினால் ஊரில் பதில் சொல்லி மாளாது என்று சித்தப்பா சொன்னார். அது சுற்றுலாக்காரர் மனப்பான்மை என்று தள்ளிவிட எனக்குத் தோன்றவில்லை; வாழ்நாளில் ஒரே முறை போகிறவருக்கு அது நியாயமான கணக்குத்தான்.

முழங்காலின் தீர்ப்பு

ஜயான் பள்ளத்தாக்கைக் கீழே நின்று அண்ணாந்து பார்க்க வேண்டும். சுவர்கள் ஏறத்தாழ 600 மீட்டர் உயரத்துக்குச் செங்குத்தாக நிற்கின்றன. பள்ளத்தாக்குக்குள் செல்லும் சாலையில் வசந்தம் முதல் இலையுதிர் காலம் வரை சொந்த வாகனங்களுக்கு அனுமதி கிடையாது; இலவச ஷட்டில் பேருந்து ஓடுகிறது. முதியவர்களுக்கு இதைவிட வசதி வேறில்லை. ஏறி உட்கார்ந்து, பிடித்த இடத்தில் இறங்கி, அலுத்ததும் அடுத்த பேருந்தில் ஏறிக்கொள்ளலாம். கடைசி நிறுத்தத்தில் வர்ஜின் ஆற்றை ஒட்டிப் போகும் நடைபாதை தளமிட்டது. போக வர மூன்றரை கிலோமீட்டர், பெரும்பாலும் சமம். பாதியில் திரும்பினாலும் நட்டமில்லை, ஏனென்றால் தொடக்கத்திலிருந்தே ஆறும் சுவரும் கூடவே வருகின்றன. சுவரில் கசியும் நீரைப் பிடித்துக்கொண்டு பெரணிச் செடிகள் தொங்கும் இடங்கள் இந்தப் பாதையில் இருக்கின்றன. மேலே எப்போதோ பெய்த மழை மணற்கல்லுக்குள் மெல்ல இறங்கி, கெட்டியான அடுக்கைத் தொட்டதும் பக்கவாட்டில் வெளியேறுவதால் உண்டாகும் கசிவு அது. புகழ்பெற்ற ஏஞ்சல்ஸ் லேண்டிங் உச்சிக்கு 2022 முதல் முன் அனுமதி தேவை. சங்கிலியைப் பிடித்து ஏறும் அந்த இடம் எங்கள் கணக்கிலேயே இல்லை.

பிரைஸில் நிலைமை தலைகீழ். அங்கே விளிம்பில் நின்று குனிந்து பார்க்கிறோம். பள்ளத்துக்குள் ஆயிரக்கணக்கான கல்தூண்கள் நெருக்கியடித்து நிற்கின்றன. ஆண்டில் பாதி இரவுகளில் அங்கே நீர் உறைந்து மறுநாள் உருகுகிறது. விரிசலுக்குள் உறையும் நீர் விரிந்து கல்லைப் பிளக்க, மழை மிச்சத்தைக் கழுவ, சுவர் தூணாகிறது. சன்ரைஸ், சன்செட் என்ற இரு முனைகளுக்கும் இடையே விளிம்பை ஒட்டித் தளமிட்ட பாதை ஒன்று ஏறத்தாழ ஒரு கிலோமீட்டருக்கும் குறைவாகச் செல்கிறது. சித்தி அதில் நடந்துகொண்டிருக்கும்போது சித்தப்பாவும் மருமகனும் தூண்களுக்கு நடுவே இறங்கி ஏறிவிட்டு வரலாம். இப்படிப் பிரிந்து போய்ச் சேர்ந்துகொள்ளும் வசதி எந்த இடத்தில் இருக்கிறதோ, அதுவே பல வயதினர் சேர்ந்து போகும் குடும்பத்துக்கு ஏற்ற இடம் என்பது என் கருத்து.

பேஜ் நகரில் இரண்டு இடங்கள். கொலராடோ ஆறு லாடம் போல வளையும் ஹார்ஸ்ஷூ பெண்ட் முனைக்குப் போக வர இரண்டரை கிலோமீட்டர்; பாதை செம்மையானது, ஆனால் நிழல் குறைவு; முனையில் 300 மீட்டர் ஆழம். தடுப்புக் கம்பி விளிம்பின் ஒரு பகுதியில்தான் இருக்கிறது என்பதால், ஐந்து வயதுப் பிள்ளையின் கையை யாராவது ஒருவர் விடாமல் பிடித்திருக்க வேண்டும். ஆன்டிலோப் கேன்யன் நவஹோ பழங்குடியினரின் நிலத்தில் உள்ளது. அவர்களுடைய கைடு இல்லாமல் யாரும் உள்ளே போக முடியாது. கீழ்ப் பகுதியில் இரும்பு ஏணிகள் உண்டு. அது சித்திக்கு ஆகாது. மேல் பகுதியில் தரை ஏறக்குறையச் சமம் என்றாலும், வெளியே வரும் பாதை எப்படி என்பதைப் பதிவு செய்யும்போதே கேட்டுக்கொள்வது நல்லது.

இரண்டாம் வழியில் ஆர்ச்சஸ் பூங்காவின் அடையாளமான டெலிகேட் ஆர்ச் வளைவை நெருங்கிப் பார்க்க, நிழலே இல்லாத வெற்றுப் பாறையில் போக வர ஏறத்தாழ ஐந்து கிலோமீட்டர் நடந்து, 146 மீட்டர் ஏற வேண்டும். கார் நிறுத்துமிடத்துக்கு அருகிலிருந்தும் அது தெரியும், ஆனால் தொலைவில் சின்னதாகத் தெரியும். விண்டோஸ் எனப்படும் பகுதியின் வளைவுகளை எளிதாக அடையலாம். கேன்யன்லேண்ட்ஸில் காரிலிருந்து இறங்கியதுமே காட்சி விரியும் முனைகள் உண்டு. ஆகவே மோவாப் பக்கம் முதியவர்களுக்கு உதவாது என்று சொல்வது தவறு. அங்கே அவர்களுக்குக் கிடைப்பது நல்லதுதான். சிறந்தது மட்டும் நடக்கிறவர்களுக்கு என்று ஒதுங்கிவிடுகிறது.

இரண்டாம் வழியின் கவர்ச்சி

இரண்டாம் வழியைத் தாழ்த்திச் சொன்னதாக யாரும் எண்ணக் கூடாது. சாலை என்ற அளவில் மூன்றிலும் அழகானது அதுதான். பிரைஸிலிருந்து கேபிடல் ரீஃப் போகும் 12ஆம் எண் நெடுஞ்சாலை, இரண்டு பக்கமும் சரிந்து விழும் குறுகிய பாறை முதுகின் மேல் ஓடி, பிறகு 2,900 மீட்டர் உயரத்துக்கு ஏறி, ஆஸ்பென் காடுகளுக்குள் நுழைந்து இறங்குகிறது. கேபிடல் ரீஃபில் 19ஆம் நூற்றாண்டில் மார்மன் என்ற கிறித்தவப் பிரிவைச் சேர்ந்த குடியேறிகள் நட்ட பழத்தோட்டங்களை இன்றும் பூங்கா நிர்வாகமே பராமரிக்கிறது. பருவத்தில் போனால் செர்ரி, பீச், ஆப்பிள் எது பழுத்திருக்கிறதோ அதைப் பறித்துக்கொள்ளலாம். அந்தப் பூங்காவின் சாலையோரத்தில், மர நடைமேடையில் நின்றபடியே, பழங்காலத்தில் அங்கே வாழ்ந்த ஃப்ரீமான்ட் மக்கள் பாறையில் கொத்திய மனித, விலங்கு உருவங்களைப் பார்க்கலாம். கீழவளவிலும் கிடாரிப்பட்டியிலும் சமணர் படுக்கைகளையும் தமிழிக் கல்வெட்டுகளையும் தேடித் தேடிப் பார்க்கும் மதுரைக்காரர்கள் இருக்கிறார்கள். அவர்களுக்கு இந்த இடத்தில் அரைமணி நேரம் போதாது. கூட்டமும் இங்கே மற்ற பூங்காக்களைவிடக் குறைவு.

ஆர்ச்சஸில் 2,000க்கும் மேற்பட்ட கல்வளைவுகள் உள்ளன. நிலத்துக்கு அடியில் இருந்த தடித்த உப்புப் படுகை மேலிருந்த பாறையின் பாரத்தால் நகர்ந்து, புடைத்து, கரைந்ததில் மணற்கல் இணை இணையாக விரிசல் விட்டது. அந்த விரிசல்களுக்கு இடையே நின்ற மெல்லிய சுவர்களில் துளை விழுந்து வளைவுகள் ஆயின. லேண்ட்ஸ்கேப் ஆர்ச் 93 மீட்டர் அகலத்துக்கு ஒற்றைக் கல்லாகப் பாய்ந்து நிற்கிறது. 1991இல் அதிலிருந்து பெரிய பலகைக் கல் ஒன்று உடைந்து விழுந்தது. 2008இல் வால் ஆர்ச் என்ற வளைவு முழுவதுமே சரிந்தது. இவை என்றும் நிலைத்திருக்கும் கற்கள் அல்ல.

இவ்வளவு இருந்தும் எங்கள் குடும்பத்துக்கு இதை நான் பரிந்துரைக்காததற்குக் காரணம் முடியும் இடம். தொடங்கிய ஊரிலேயே காரைத் திருப்பிக் கொடுக்காவிட்டால் வாடகை நிறுவனங்கள் தனிக் கட்டணம் கேட்கின்றன; அது சில பருவங்களில் வாடகைக்கு ஈடாகவே வந்துவிடும். அந்தக் கட்டணத்தைத் தவிர்க்க மோவாப்பிலிருந்து லாஸ் வேகாஸுக்கே திரும்பினால், கடைசி நாளில் ஒரே ஆள் 740 கிலோமீட்டர் ஓட்ட வேண்டியிருக்கும். அந்த வழியில் கிரீன் ரிவருக்கும் சலைனாவுக்கும் இடையே ஏறத்தாழ 175 கிலோமீட்டருக்குப் பெட்ரோல் நிலையமே கிடையாது. மேலும் ஐந்து பூங்காவை ஏழு நாளில் பார்க்கப் போனால், பெட்டியைப் பிரிப்பதும் கட்டுவதுமாகவே இரவுகள் போகும். இரண்டு ஓட்டுநர்கள் உள்ள, நடக்கத் தெம்புள்ள இளைஞர்களுக்கு இதுவே முதல் தேர்வு; அவர்கள் பத்து நாள் ஒதுக்க முடிந்தால் இன்னும் நல்லது.

மூன்றாம் வழியைப் பற்றி அதிகம் சொல்வதற்கில்லை. மான்யுமென்ட் வேலி நவஹோ மக்களின் பூங்கா. தேசியப் பூங்காக்களுக்காகக் கூட்டாட்சி அரசு தரும் பாஸ் அங்கே செல்லாது, கட்டணம் தனி. குன்றுகளுக்கு நடுவே செல்லும் 27 கிலோமீட்டர் பாதை மண்பாதை. முதுகுவலி உள்ளவர்களுக்குக் குலுக்கல் தெரியும். வரவேற்பு மையத்தின் திண்ணையில் நின்றாலே முக்கியமான மூன்று குன்றுகளும் எதிரே தெரிவது உண்மைதான், ஆனால் அதற்காக ஒரு வாரத் திட்டத்தைக் கட்ட முடியாது. பெற்றோர் தீபாவளிக்குப் பிறகு போய்ப் பொங்கலை அங்கே கொண்டாடுகிறவர்களாக இருந்தால் மட்டும் இந்த வழி முன்னுக்கு வருகிறது. குளிர்காலத்தில் பிரைஸ் பனியில் கிடக்கும். ஃபீனிக்ஸ் இதமாக இருக்கும். கிராண்ட் கேன்யனின் தென்விளிம்பு ஆண்டு முழுவதும் திறந்திருக்கும், பனிக்கான காலணி இருந்தால் போதும்.

மதுரைக்காரனுக்கு வெயில் என்ன புதிதா?

இது சித்தப்பா கேட்ட கேள்வி. ஜூலையில் ஜயானிலும் மோவாப்பிலும் 38 டிகிரி சர்வ சாதாரணம். எண்ணிக்கையை மட்டும் பார்த்தால் மதுரையின் மே மாதத்தைவிட அது ஒன்றும் அதிகமில்லை. வேறுபாடு காற்றின் வறட்சியில் இருக்கிறது. மதுரையில் சட்டை நனைந்து, வியர்வை வழிந்து, உடம்பு நம்மை எச்சரிக்கிறது. அங்கே வியர்வை தோலில் நிற்காமல் அப்போதே ஆவியாகிவிடுவதால், நீர் இழப்பு தெரிவதே இல்லை. தலைவலி வந்த பிறகுதான் புரியும். ஆளுக்கு நாளொன்றுக்கு நாலு லிட்டர் தண்ணீர் என்று அந்தப் பூங்காக்கள் சொல்வதை மிகை என்று நினைக்கக் கூடாது. நீரிழிவுக்கோ ரத்த அழுத்தத்துக்கோ மருந்து சாப்பிடுகிறவர்கள், புறப்படும் முன்பே தங்கள் மருத்துவரிடம் தண்ணீர் அளவைப் பற்றிக் கேட்டுக்கொள்ள வேண்டும்.

உயரமும் கணக்கில் வர வேண்டும். கிராண்ட் கேன்யனின் தென்விளிம்பு கடல்மட்டத்திலிருந்து ஏறத்தாழ 2,100 மீட்டர், அதாவது கொடைக்கானல் உயரம். பிரைஸின் விளிம்பு 2,400 மீட்டரில் தொடங்கி 2,700ஐத் தாண்டுகிறது. கொடைக்கானலில் ஏரியைச் சுற்றி வந்தபோது மூச்சு வாங்காதவருக்குத் தென்விளிம்பில் சிரமம் இருக்காது என்று ஓரளவு சொல்லலாம். பிரைஸில் முதல் நாள் மெதுவாக நடப்பது நல்லது. மே மாதத்தில்கூட பிரைஸின் இரவு உறைநிலைக்கு இறங்கும். ஆகவே ஒரே வாரத்தில் பருத்திச் சட்டையும் கனத்த ஸ்வெட்டரும் இரண்டுமே தேவைப்படும்.

ஜூலை தொடங்கிச் செப்டம்பர் வரை பிற்பகல்களில் இடியோடு மழை பெய்யும் பருவம். நிற்கும் இடத்தில் வானம் தெளிந்திருந்தாலும், பல கிலோமீட்டருக்கு அப்பால் பெய்த மழை குறுகிய பாறைப் பிளவுகளுக்குள் சுவராகப் பாய்ந்து வரும். 1997 ஆகஸ்டில் ஆன்டிலோப் கேன்யனின் கீழ்ப் பகுதியில் 11 பேர் இப்படித்தான் இறந்தார்கள்; 2015 செப்டம்பரில் ஜயானின் கீஹோல் கேன்யனில் ஏழு பேர். சதுரகிரிக்குப் போய்ப் பழகியவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. மலைமேல் மழை என்றால் வனத்துறை பாதையை மூடுவது ஏன் என்று அவர்களுக்குத் தெரியும். கைடு பயணத்தை ரத்து செய்தால் பணம் போனதே என்று வாதாடாமல் திரும்பிவிட வேண்டும்.

இவற்றையெல்லாம் சேர்த்துப் பார்த்தால், சித்திரையில் போய் ஐப்பசியில் திரும்புகிறவர்களுக்குப் பொருத்தமான காலம் இரண்டு: மே மாதத்தின் முதல் பாதி, அல்லது செப்டம்பர் கடைசியிலிருந்து அக்டோபர் நடுப்பகுதி வரை. போய் இறங்கிய களைப்பும் நேர மாற்றமும் தீராத மே மாதத்தைவிட, அந்த ஊர் பழகிவிட்ட பிந்தைய காலத்தையே நான் விரும்புவேன்.

கட்டணம், வாகனம், சாப்பாடு

கட்டணத்தில் ஒரு புதிய மாற்றம் நம் பெற்றோரை நேரடியாகத் தொடுகிறது. 2026 ஜனவரி 1 முதல், அமெரிக்காவில் வசிப்பவர்களுக்குத் தேசியப் பூங்காக்களின் ஆண்டு பாஸ் 80 டாலர். வெளிநாட்டிலிருந்து வருகிறவர்களுக்கு 250 டாலர். அந்த 250 டாலர் பாஸ் இல்லாமல் வரும் வெளிநாட்டவர், 16 வயதும் அதற்கு மேலும் உள்ளவர்கள், குறிப்பிட்ட 11 பூங்காக்களில் வழக்கமான நுழைவுக் கட்டணத்துக்கு மேல் தலைக்கு 100 டாலர் கொடுக்க வேண்டும். ஜயான், பிரைஸ், கிராண்ட் கேன்யன் மூன்றுமே அந்தப் பட்டியலில் இருக்கின்றன. ஆர்ச்சஸ், கேன்யன்லேண்ட்ஸ், கேபிடல் ரீஃப் இல்லை. ஆகவே முதல் வழியில் போகும் ஒரு தம்பதி தனித்தனியாகக் கட்டினால் மூன்று வாயில்களிலும் சேர்த்துக் கூடுதலாக 600 டாலர் ஆகும். பாஸ் வாங்குவதே மலிவு. பணத்தை மட்டும் பார்த்தால் இரண்டாம் வழிக்கு இது ஒரு சாதகம். கார் திருப்பும் கட்டணம் அந்தச் சாதகத்தைத் தின்றுவிடும்.

வீடு போன்ற பெரிய வண்டியை, அதாவது ஆர்வியை, வாடகைக்கு எடுத்துச் சமைத்துச் சாப்பிட்டுக்கொண்டே போகலாமே என்று மருமகன் கேட்டார். யோசனை இனிமையானது, ஜயானின் கிழக்கு வாயில் வழியில் அது முட்டிக்கொள்ளும். 1930இல் திறக்கப்பட்ட, ஏறத்தாழ 1.8 கிலோமீட்டர் நீளமுள்ள சுரங்கப்பாதை அந்தக் காலத்துக் கார்களுக்காகக் குடைந்தது. பெரிய வண்டிகளை அந்தச் சாலையில் 2026ஆம் ஆண்டின் நடுவிலிருந்து விடப்போவதில்லை என்று பூங்கா நிர்வாகம் அறிவித்திருக்கிறது. பிரைஸுக்குப் போகும் நேர்வழி அதுதான். சுற்றிப் போனால் நேரம் வீணாகும். அதைவிட, நடுத்தர எஸ்யூவி ஒன்றும், மைக்ரோவேவும் சிறு குளிர்பெட்டியும் உள்ள மோட்டல் அறைகளும் போதும். சித்தி படியேற வேண்டாத தரைத்தள அறையைப் பதிவின்போதே கேட்டு வாங்க வேண்டும். மாடி மோட்டல்கள் பலவற்றில் லிஃப்ட் கிடையாது.

சாப்பாட்டுக் கடைகளை நம்பிப் போகக் கூடாது. லாஸ் வேகாஸை விட்டுக் கிளம்பிய பிறகு வரும் ஊர்கள் சிறியவை. சைவம் என்றால் பீட்ஸாவும் பீன்ஸ் வைத்த பர்ரிட்டோவும்தான் மிஞ்சும். அரிசி, பருப்புப் பொடி, புளிக்காய்ச்சல், ஊறுகாய் எடுத்துக்கொண்டால், தயிர் எந்தக் கடையிலும் கிடைக்கும். குக்கரை மட்டும் அங்கே வாங்கியதாகக் கொண்டுபோக வேண்டும். மதுரையிலிருந்து எடுத்துப் போன 230 வோல்ட் குக்கர், அந்த ஊர் 120 வோல்ட்டில் அரிசியை ஊறவைக்குமே தவிர வேகவைக்காது.

முடிவானது

முதல் வழி, செப்டம்பர் கடைசி வாரம். ஜயான் வாசலில் இருக்கும் ஸ்பிரிங்டேலில் இரண்டு இரவு, பிரைஸில் ஒன்று, பேஜில் ஒன்று, தென்விளிம்பில் இரண்டு, திரும்பும் வழியில் லாஸ் வேகாஸில் ஒன்று. ஒரு நாளில் மிக நீண்ட ஓட்டம் கடைசியில் வரும் 450 கிலோமீட்டர்தான். மற்ற நாட்களில் மூன்று மணி நேரத்துக்கு மேல் ஸ்டியரிங்கைப் பிடிக்க வேண்டியதில்லை. எல்லா நாளும் இருட்டுவதற்குள் அறைக்குப் போய்விடுவது என்பதும் முடிவானது, ஏனென்றால் அந்தச் சாலைகளில் அந்திக்குப் பிறகு மான்கள் குறுக்கே பாய்வது வழக்கம்.

வட்டத்தை இந்தத் திசையில் சுற்றுவதற்கும் காரணம் உண்டு. பேஜிலிருந்து தெற்கே வருகிறவர்கள் கேமரன் ஊரில் திரும்பி, கிழக்கு வாயில் வழியாகத் தென்விளிம்புக்குள் நுழைகிறார்கள். அங்கேதான் கட்டடக் கலைஞர் மேரி கோல்ட்டர் வடிவமைத்த, 1932இல் முடிந்த டெசர்ட் வியூ காவற்கோபுரம் நிற்கிறது. அங்கிருந்து விடுதிகள் இருக்கும் பகுதி வரை ஏறத்தாழ 40 கிலோமீட்டருக்குப் பார்வை முனைகள் சாலையோரமாகவே வருகின்றன. சொந்தக் காரில் ஒவ்வொன்றிலும் நிறுத்தி நிறுத்திப் போகலாம். நேரே லாஸ் வேகாஸிலிருந்து தெற்கு வாயில் வழியாக வருகிறவர்கள் பெரும்பாலும் இந்தப் பகுதியைத் தவறவிட்டு, கூட்டம் நெரிசலாக நிற்கும் மேதர் முனையோடு திருப்தி அடைகிறார்கள். தென்விளிம்பிலிருந்து வடவிளிம்புக்குப் போய் வரலாமா என்ற பேச்சு எழுந்தபோது அதை நான் மறுத்தேன்: கண்ணுக்கு எதிரே தெரியும் அந்தக் கரைக்குச் சாலைவழி ஏறத்தாழ 345 கிலோமீட்டர், தவிர 2025 ஜூலைக் காட்டுத்தீயில் அங்கிருந்த பழைய விடுதி எரிந்துவிட்டது.

பதிவுகளில் முதலில் செய்ய வேண்டியது தென்விளிம்புக்குள்ளேயே இருக்கும் விடுதி அறை. ஓராண்டுக்கு முன்பே அவை நிரம்பத் தொடங்கிவிடும், கிடைக்காவிட்டால் வாசலுக்கு வெளியே டூசயானில் தங்கலாம். அடுத்து ஆன்டிலோப் கேன்யன், அதன் பிறகு ஸ்பிரிங்டேல். கார் கடைசியில். ஆன்டிலோப்புக்கு நேரம் குறிக்கும்போது ஒன்றைக் கவனிக்க வேண்டும்: கோடைக்காலத்தில் யூட்டா கடிகாரத்தை ஒரு மணி நேரம் முன்னே தள்ளி வைத்துக்கொள்கிறது, அரிசோனா தள்ளுவதில்லை, அரிசோனாவுக்குள் இருக்கும் நவஹோ நிலமோ தள்ளுகிறது. கைபேசி எந்தக் கோபுரத்தைப் பிடிக்கிறதோ அந்த நேரத்தைக் காட்டும். பேஜ் நகரம் அரிசோனா நேரத்தைப் பின்பற்றுகிறது. மருமகன் தன் பழைய கைக்கடிகாரத்தை அந்த நேரத்துக்குத் திருப்பிக் கட்டிக்கொள்வதாகச் சொல்லியிருக்கிறார்.